ராணியின் கழுத்து டேப்

பிப்ரவரி 9

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி எழுதறேன். நானும் அம்மாவும் நல்லா இருக்கோம். நீயும் அத்தானும் எப்படி? ரெண்டு மாசமா உன்கிட்டேருந்து ஒரு வரி இல்லை. கோபமா, வேலையா?

கோபம்னா கொஞ்சம் தள்ளி வச்சுக்கோ, எனக்கு ஒரு உதவி வேணும். நான் படம் எடுக்கிறேன். சிரிக்காதே. மருந்துக் கடைக்கு லீவு விடற நாள்ல மட்டும், நம்ம வீட்டு முன்னறையிலேயே. விண்வெளிப் படம். அதாவது, விண்வெளிப் படங்களைக் கிண்டல் பண்ற படம். உலகத்தைப் பிடிக்க வேற்றுக்கிரகத்து ராணி ஒருத்தி வர்றா. பிடிக்கிறதுக்கு முன்னாடி அளவெடுத்தே ஆகணும்னு அடம். அளந்து முடிக்கிறதுக்குள்ள உலகம் கொஞ்சம் பெருத்துடுது. மறுபடியும் முதல்லேருந்து அளக்கிறா. இதுதான் கதை.

ராணி யாரு தெரியுமா? நம்ம அம்மா! முதல்ல முடியவே முடியாதுன்னா. பெயிண்ட் வாளியைக் கவிழ்த்து, முன்னாடி வெல்டிங் பண்றவங்க போடற கறுப்புக் கண்ணாடியை ஒட்டி ஹெல்மெட் செஞ்சு காட்டினேன். முகம் தெரியாதுன்னதும் சரின்னுட்டா. தையல் டேப்பை மட்டும் கழட்ட மாட்டாளாம், கழுத்திலேயே தொங்குது. ராணிக்கு அதுவே ஆயுதம்னு வச்சுட்டேன்.

விஞ்ஞானியா நடிக்கிறவர் அடுத்த தெரு பல் டாக்டர். வெள்ளைக் கோட்டும் சாயற நாற்காலியும் சொந்தமா வச்சிருக்கார், வேற என்ன தகுதி வேணும்? ராணியைப் பாத்துப் பயப்படற காட்சியில பழக்கதோஷத்துல "வாயை நல்லா திறங்க"ன்னுட்டார். அதை அப்படியே விட்டுட்டேன். கேமரா பிடிக்கிறது என் கூடப் படிச்ச நம்ம ஒல்லி. எரிகல் எல்லாம் உருளைக்கிழங்கு.

உன் வேலை இதுதான். ஒவ்வொரு தடவை எடுத்ததும் ஒல்லி போட்டோ எடுத்து நம்பர் போட்டுத் தருவான், நான் உனக்கு அனுப்பறேன். ஒரு காட்சிக்கும் அடுத்ததுக்கும் என்னென்ன ஒட்டலைன்னு நீ சொல்லணும். அச்சகத்துல பன்னிரண்டு வருஷமா பிழை திருத்தறவ, உன் கண்ணுக்குத் தப்பி ஒரு கமா போகாது. பதினாலு படம் இத்தோட.

அம்மா உன்னைக் கேட்டதாச் சொல்லச் சொன்னா.

உன் தம்பி


பிப்ரவரி 21

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதறேன். நீங்க ரெண்டு பேரும் சுகமா இருக்கிறதுல சந்தோஷம். இங்கேயும் சுகம்தான்.

படத்தைப் பாத்து அத்தானும் நானும் வயிறு வலிக்கச் சிரிச்சோம். இப்போ பிழைகள். நாலாம் படத்துல பல் டாக்டர் பாக்கெட்டுல பேனா ஒண்ணு, அஞ்சாவதுல ரெண்டு. ஏழாம் படத்து எரிகல்லுல முளை விட்டிருக்கு, எட்டுல இல்லை. உருளைக்கிழங்கை மாத்தினா சொல்லமாட்டியா? பத்தாம் படத்துல விண்கலத்து ஜன்னலுக்கு வெளியே, அண்டவெளியில, யாரோ துணி உலர்த்தறாங்க. அதை எடுத்துடாதே, நல்லா இருக்கு.

இன்னொரு விஷயம். எனக்கு நாள் தள்ளிப் போயிருக்கு. மூணு மாசம். மூணாவது தடவைங்கறதால யாருக்கும் சொல்லலை, உனக்குத்தான் முதல்ல. ஆகஸ்ட்ல எதிர்பாக்கச் சொல்றார் டாக்டர். அதுக்கு முன்னாடி ஜூலையில அம்மா இங்கே வந்து இருப்பாளான்னு கேட்டுச் சொல்லு. நான் நேரா எழுதினா சரியா வராது, நீயே கேளு. பேச்சுவாக்குல கேளு.

போன தடவை இங்கே வந்துட்டுப் போனப்புறம் அம்மா எதாவது சொன்னாளா? சும்மாதான் கேக்கறேன்.

உன் அக்கா


ஏப்ரல் 6

அன்புள்ள அக்காவுக்கு,

பதில் போட இவ்வளவு நாள் ஆனதுக்கு என்னைத் திட்டு, வாங்கிக்கறேன். கேமரா மக்கர் பண்ணிடுச்சு, ஒல்லிக்குக் காய்ச்சல், எனக்குக் கடையில கூடுதல் வேலை. விஷயத்தைக் கேட்டு அப்படியே குதிச்சேன். உடம்பைப் பாத்துக்கோ. கனமா எதையும் தூக்காதே.

அம்மாகிட்டக் கேட்டேன். பாக்கலாம்னா. ஜூலைக்கு இன்னும் நாள் இருக்கே. அம்மாவுக்குத் தையல் வேலை தலைக்கு மேல, அதான் அவ எழுதலை. போன தடவையைப் பத்தி ஒண்ணும் சொன்னதில்லை. ஏன், என்ன நடந்தது? நீயே அம்மாவுக்கு ஒரு கடுதாசி போடக்கூடாதா?

கேமரா மக்கர் பண்ணினதுல நடுவுல பதிமூணு படம் வீணாப் போச்சு, இருபத்தெட்டுலேருந்து முப்பத்தஞ்சு வரைக்கும் அனுப்பியிருக்கேன். ராணி பூமியில இறங்கற முக்கியமான இடம், நல்லாப் பாரு.

உன் தம்பி


ஏப்ரல் 15

தம்பிக்கு,

நீயும் அம்மாவும் சுகம்னு நம்பறேன். அப்படி நம்பறதுக்கு உன் கடுதாசியில ஒண்ணும் இல்லை. ஒன்றரை மாசம் கழிச்சு அரைப்பக்கம், அதுல பாதிக்கு மேல சாக்கு.

நேராக் கேக்கறேன். உன் படத்துக்கு ராணி வேணும்னுதானே அம்மாவை அனுப்பாம இழுத்தடிக்கிறே? ஜூலையில வருவாளா மாட்டாளாங்கறதுக்கு "பாக்கலாம்"தான் பதிலா? போன வாரம் எதிர்க் கடை போனுக்கு மூணு தடவை அடிச்சேன். அம்மாவைக் கூப்பிடச் சொன்னா மூணு தடவையும் நீ ஓடி வர்றே. அம்மா குளிக்கிறா, அம்மா வெளியே போயிருக்கா, அம்மா தூங்கறா. அது காலை பத்து மணிடா. நம்ம அம்மா என்னிக்குக் காலை பத்து மணிக்குத் தூங்கியிருக்கா?

இப்போ பிழை. முப்பத்தொண்ணாம் படம். ராணி கழுத்துல டேப். அம்மா டேப்பை எப்பவும் ஒண்ணாம் நம்பர் முனை வலது பக்கம் தொங்கற மாதிரித்தான் போடுவா, வலது கையால சட்டுனு இழுக்க. முதல் பதினாலு படத்துலயும் அப்படித்தான் இருக்கு. முப்பத்தொண்ணுல ஒண்ணாம் நம்பர் இடது பக்கம் தொங்குது. முப்பத்திரண்டு, முப்பத்துமூணுலயும் அப்படியே.

ஹெல்மெட்டுக்குள்ள யாரு?

அக்கா


ஏப்ரல் 24

அன்புள்ள அக்காவுக்கு,

அம்மாடி, போலீஸ் வேலைக்குப் போயிருக்கலாம் நீ! எல்லாரும் சௌக்கியம். ஒல்லி பிரிண்ட் போடும்போது நெகட்டிவைத் திருப்பி வச்சுட்டான், அவ்வளவுதான். வலது இடதாயிடுச்சு. கண்ணாடியில பாக்கற மாதிரின்னு நினைச்சுக்கோ. இதுக்குப் போயா இவ்வளவு கோபம்?

நானும் ஒண்ணு கேக்கறேன். உன் பிப்ரவரிக் கடுதாசி பேனாவுல, கோடு போட்ட மாதிரி நேரா இருந்தது. இது பென்சில். வரியெல்லாம் மேலே ஏறி ஏறிப் போகுது. பிழை திருத்தறவங்களுக்குச் சிவப்பு மைதானே, பென்சில் எங்கேருந்து வந்தது? ஆபீஸுக்குப் போறியா இல்லையா?

உடம்பு எப்படி இருக்குன்னு ஒரு வார்த்தை எழுதலை நீ. அத்தானைக் கேட்டதாச் சொல்லு.

தம்பி


மே 2

தம்பிக்கு,

அச்சகத்துல பென்சிலும் உண்டு. பேச்சை மாத்தாதே.

நெகட்டிவைத் திருப்பி வச்சா படத்துல எல்லாமே திரும்பணும். முப்பத்தொண்ணாம் படத்துல ராணிக்குப் பின்னாடி அலமாரியில அம்மாவோட தகர டப்பா இருக்கு. அதுல "நூல்"னு எழுதியிருக்கிறது நேரா இருக்கு. யாருகிட்ட கதை விடறே? பன்னிரண்டு வருஷமா எழுத்தைப் பாத்தே சம்பளம் வாங்கறவடா நான்.

டேப்பை அப்படிப் போடற இடதுகைக்காரன் நம்ம வீட்டுல ஒருத்தன்தான். ராணி உயரமா வேற இருக்கா, அங்கிக்குக் கீழே கணுக்கால் தெரியுது. அது நீ. அப்போ அம்மா எங்கே?

முப்பத்துமூணாம் படத்து மூலையில தையல் மெஷின் இருக்கு. மேலே துணி போட்டு மூடி, அந்தத் துணி மேல உன் சாமானெல்லாம் அடுக்கியிருக்கு. பகல்ல அந்த மெஷினை மூடி நான் பாத்ததே இல்லை. அப்பா போன அன்னிக்குக் கூட மூடலை. தையல் வேலை தலைக்கு மேலன்னு எழுதினியே, எதை வச்சுத் தைக்கிறா?

அம்மாவை எங்கேயாவது கொண்டுபோய் விட்டுட்டியா? வீட்டை உன் கூத்துக்கு எடுத்துக்கிட்டு அவளை முதியோர் இல்லத்துல தள்ளிட்டியா? இதை எழுதறதுக்கே கை கூசுது, ஆனா நீதான் எழுத வைக்கிறே. பன்னிரண்டாம் தேதி ரயில் ஏறி நானே வரேன். வந்து பாத்துக்கறேன்.

அக்கா


மே 6

அக்கா,

ரயில் ஏறாதே. உன் கால்ல விழறேன், ஏறாதே. எல்லாத்தையும் சொல்லிடறேன்.

மார்ச் பதினொண்ணாம் தேதி காலையில அம்மா ஒரு பள்ளிக்கூடச் சட்டைக்குக் காலர் வெட்டிக்கிட்டு இருந்தா. கத்தரிக்கோல் கீழே விழற சத்தம் கேட்டது. போய்ப் பாத்தா கத்தரிக்கோலையே பாத்துக்கிட்டு நிக்கிறா, எடுக்க முடியலை. வலது கையும் காலும் இழுத்துக்கிச்சு. பதினெட்டு நாள் ஆஸ்பத்திரி. இப்போ வீட்டுல இருக்கா. சுவரைப் பிடிச்சு நாலடி நடக்கறா. வலது கை வரலை. பேச்சு குழறுது, எனக்கு மட்டும் புரியும்.

உனக்குச் சொல்லக்கூடாதுன்னு என் தலையில கையை வச்சு, அதுவும் இடது கையை வச்சு, சத்தியம் வாங்கிட்டா. "அவ வயித்துல இருக்கிறதுக்கு ஆகாது"ன்னா. இந்த நாலு வார்த்தையைச் சொல்ல அவளுக்கு எவ்வளவு நேரம் ஆச்சுன்னு நீ பாத்திருக்கணும். படத்தை நிறுத்திடறேன்னேன். அதுக்கும் விடலை. படம் நின்னா போட்டோ வராது, போட்டோ வராட்டி நீ கண்டுபிடிச்சுடுவேன்னா. அதான் அவ ஹெல்மெட்டை நான் மாட்டிக்கிட்டேன். அம்மா படுத்திருக்கிற அறைக் கதவைச் சாத்திட்டு, இந்தப் பக்கம் நான் ராணியா நின்னு பல் டாக்டரை அளந்துக்கிட்டு இருந்தேன். அவருக்கும் ஒல்லிக்கும் தெரியும். அன்னிக்கு யாருக்கும் சிரிப்பு வரலை. எடுத்தது விண்வெளிக் கிண்டல் படம்.

உன் பென்சில் விஷயமும் எனக்குத் தெரிஞ்சு போச்சு. உன் கடுதாசியைப் படுத்துக்கிட்டே படிச்சேன், அப்படியே பதில் எழுதலாம்னு பேனாவை எடுத்தேன். நாலு வரியில மை நின்னு போச்சு. மல்லாக்கப் படுத்து எழுதினா பென்சில்தான் எழுதும். நீயும் படுத்துக்கிட்டுத்தானே இருக்கே? எப்போலேருந்து?

தம்பி


மே 15

தம்பிக்கு,

ஆமாம். ஏப்ரல் முதல் வாரத்துலேருந்து. லேசா உதிரம் பட்டுது. பாத்ரூமுக்குத் தவிர கட்டிலை விட்டு இறங்கக்கூடாதுன்னுட்டார் டாக்டர். அந்த போன் மூணும் பக்கத்து வீட்டுக்காரங்க போனைக் கட்டில் வரைக்கும் இழுத்துக்கொடுத்து அடிச்சது. இப்போ அவங்களும் வீடு மாறிப் போயிட்டாங்க. ரயில் ஏறுவேன்னது வெறும் மிரட்டல். இப்போதைக்குக் குழந்தை நல்லா இருக்கு.

உன் கடுதாசியைப் படிச்சு ஒரு நாள் முழுக்க அழுதேன். மறுநாள் எழுந்ததும் சந்தேகம் வந்துடுச்சு. ரெண்டு மாசமா அம்மா வேஷம் போட்டு என்னை ஏமாத்தினவன் நீ. ஆஸ்பத்திரிக்குப் போனதை மறைச்சே. அங்கேருந்து அம்மா திரும்பி வந்தாங்கறதுக்கு என்ன சாட்சி? நீ சொல்றது மட்டும்தான். அத்தான் உன் கடுதாசியைப் படிச்சு மடிச்சு வச்சுட்டு அடுப்பைப் பாக்கப் போயிட்டார். அவரும் உன்கூடச் சேர்ந்துட்டாரோன்னு அவர் முகத்தையே பாத்துக்கிட்டு இருக்கேன். என்னை விட்டுட்டு அங்கே வந்து பாக்கவும் அவரால முடியாது.

ஹெல்மெட் இல்லாம அம்மா முகம் எனக்கு வேணும். கையில அன்னிக்கு வந்த செய்தித்தாள், தேதி தெரியற மாதிரி. ஒல்லியை எடுக்கச் சொல்லி அனுப்பு.

அக்கா


மே 29

அன்புள்ள அக்காவுக்கு,

நீ இறங்காம படுத்திருக்கியான்னு முதல்ல சொல்லு.

போட்டோவுக்கு அம்மா ஒத்துக்கலை. வாய் ஒரு பக்கம் கோணியிருக்கு, அதை நீ பாக்கக்கூடாதாம். ஒல்லி கேமராவோட உள்ளே வந்ததும் போர்வையை இழுத்து மூஞ்சியை மூடிக்கிட்டா. தெரியாம எடுத்துடலாம்னு ஒல்லி சொன்னான். எனக்கு மனசு வரலை. அதுக்குப் பதிலா இடது கையால ஒரு தாள்ல எழுதித் தந்திருக்கா. "நல்லா இருக்கேன்"னு. கோணலாத்தான் இருக்கு, ஆனா அவ எழுதினது. சத்தியமா அவ எழுதினது.

தம்பி


ஜூன் 7

தம்பி,

இறங்காமத்தான் இருக்கேன்.

கோணல் எழுத்து யாரு வேணாலும் எழுதலாம். உன் வலது கையால நீ எழுதினாலும் இப்படித்தான் இருக்கும். முகத்தைக் காட்டமாட்டா, போன்ல பேசமாட்டா. உனக்கு மட்டும் புரியற பேச்சு, உனக்கு மட்டும் தெரியற அம்மா. செத்துப் போயிட்டாளாடா? நேராச் சொல்லிடு. வயித்துல இருக்கிறதைச் சொல்லி இதையும் மறைக்காதே. தெரியாம இப்படிப் படுத்துக் கிடக்கிறது அதைவிடக் கொடுமை.

இல்லை, இருக்கான்னா, இதுக்கு மட்டும் பதில் வாங்கி அனுப்பு. போன தடவை குழந்தை தங்காமப் போனப்போ, ஆஸ்பத்திரியில கடைசி நாள் சாயங்காலம், அறையில நானும் அம்மாவும் மட்டும்தான் இருந்தோம். அத்தான் கூட இல்லை. அப்போ நான் அம்மாகிட்ட ஒண்ணு சொன்னேன். இதுவரைக்கும் நான் யார்கிட்டயும் சொன்னதில்லை. உன்கிட்டயும் அவ சொல்லலைன்னு நீயே எழுதியிருக்கே.

நான் என்ன சொன்னேன்னு அம்மாவைக் கேளு. வேற எதுவும் எழுதாதே.

அக்கா


ஜூன் 20

அக்கா,

உன் கடுதாசியை அம்மாவுக்குப் படிச்சுக் காட்டினேன். செத்துட்டாளான்னு நீ கேட்ட இடத்துல சிரிச்சா. கடைசியில நீ கேட்டதை இன்னொரு தடவை படிக்கச் சொன்னா. அப்புறம் தாளும் பென்சிலும் கேட்டு என்னை வெளியே போகச் சொன்னா. நாலு நாள் எழுதினா. மடிச்சு, பசை தடவி, அவளே ஒட்டினா. நான் பிரிக்கலை. அப்படியே இத்தோட வச்சு அனுப்பறேன்.

தம்பி

*

கண்ணு

நல்லா இருக்கேன். கைதான் வரலை.

நீ அன்னிக்கு ஒண்ணும் சொல்லலை. ஊசி போட்டிருந்தாங்க. தூங்கிட்டே இருந்தே. குளிர் காத்து வந்தது. நான் ஜன்னலைச் சாத்தினேன். பஸ்ஸுக்கு நேரமாச்சுன்னு கிளம்பிட்டேன்.

நீ ஒண்ணும் சொல்லலை.

அம்மா


ஜூன் 29

அன்புள்ள அம்மாவுக்கு,

உன் பொண்ணு எழுதறேன். இத்தனை மாசமா உனக்கு நேரா எழுதத் தைரியம் வரலை. உன் கை எப்படி இருக்கு? கால் எப்படி இருக்கு? சாப்பிடறியா?

நான் ஒண்ணும் சொல்லலைன்னு எழுதியிருக்கே. பொய். நான் தூங்கலை. உன் முகத்தைப் பாத்துச் சொன்னேன். "ரெண்டு தடவையும் நீ வந்து நின்னே, ரெண்டும் போச்சு. இனிமே நீ என் வீட்டுக்கு வராதே"ன்னு சொன்னேன். எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினே. போர்வையை என் கால் வரைக்கும் இழுத்து விட்டே. பையை எடுத்துக்கிட்டுப் போயிட்டே. நான் கூப்பிடலை.

தம்பி எழுதியிருந்தா கண்ணீரும் கம்பலையுமா ஒரு வசனமே எழுதியிருப்பான். அவனுக்கு ஜன்னல் தெரியாது. நான் சொன்னதைச் சொல்லவே இல்லைன்னு சாதிக்கிறதுக்கு உலகத்துல ஒருத்தியாலதான் முடியும். படிச்சு முடிச்சதும், அம்மா இருக்கான்னு சத்தமாவே சொன்னேன். அத்தான் சமையலறையிலேருந்து ஓடி வந்தார்.

தப்பும்மா. பெரிய தப்பு. அன்னிக்கு வலி யாருமேலயாவது விழணும்னு இருந்தது, பக்கத்துல நீதான் இருந்தே. மன்னிச்சுட்டேன்னு எழுதாதே, நீ அதையும் பொய்யா எழுதிடுவே.

டாக்டர் இன்னும் ஆறு வாரம்னு சொல்றார். குழந்தை உதைக்குது. உங்க ரெண்டு பேருக்கும் ரயில்ல கீழ்ப்படுக்கை கிடைக்குமான்னு அத்தான் விசாரிச்சுட்டு வந்திருக்கார். பயணம் தாங்குமான்னு தம்பி உன் டாக்டர்கிட்டக் கேக்கட்டும், தாங்கும்னா கிளம்பு. கை வரலைன்னா என்ன, வாய் கோணினா என்ன, நீ எனக்கு ஒரு வேலையும் செய்ய வேண்டாம். என் கட்டிலுக்குப் பக்கத்துல இன்னொரு கட்டில் போட்டாச்சு. நீ அதுல படுத்துக்கோ, நான் இதுல படுத்துக்கறேன்.

வராதேன்னு சொன்ன வாயாலேயே சொல்றேன். வாம்மா.

உன் பொண்ணு